பேருக்கு நடுவுல ஒரு சின்னக் கோடு

சித்தி பொண்ணு இங்கிலாந்தில் இருக்கிறாள். நாட்டின் நடுப்பகுதியில் ஒரு சின்ன ஊர். அங்கே ஒரு மழலையர் பள்ளியில் உதவி ஆசிரியை. ஞாயித்துக்கிழமை ஆனா போன் வந்துடும். பிள்ளைங்க அடிக்கிற கூத்து, மழை, வெங்காயம் விலை எல்லாம் வரிசையா வரும்.

பள்ளி திறந்த வாரம் பேசினப்போ, "அண்ணா, ஒரு காமெடி கேளேன்"னு ஆரம்பிச்சா. "புது வகுப்பு வருகைப் பதிவேட்டை வாசிக்கிறேன். லில்லி-மே, டெய்சி-மே, எல்லி-மே, மோலி-மே. எங்க கிளாஸ்ல மட்டும் மே மாசம் நாலு தடவை வருதுண்ணா!"

நானும் சிரிச்சேன். அவளோட வேலை பார்க்கிற டீச்சர்களும் சிரிச்சாங்களாம். அந்தச் சிரிப்பு மட்டும் வேற மாதிரி இருந்ததுன்னு சொன்னா. ஒரு டீச்சரம்மா உதட்டைப் பிதுக்கி, "பேரைப் பாத்தாலே எந்தத் தெருன்னு தெரியுதே" என்றாராம். கோடு போட்ட பேர்னா ஒரு மாதிரியான வீடு, ஒரு மாதிரியான அம்மா, பிள்ளை படிப்பும் ஒரு மாதிரிதான் இருக்கும் என்று அர்த்தமாம். பிள்ளைக்கு வயசு நாலு. இன்னும் அ-னா ஆவன்னாவே ஆரம்பிக்கலை!

அடுத்த வாரம் போன்ல குரல் மாறிப்போச்சு. மோலி-மேயோட அம்மா கேட்டுக்கிட்ட நின்னு பேசினாங்களாம். "உங்க ஊர்ல எல்லாப் பேருக்கும் அர்த்தம் இருக்காமே. நாங்க அதெல்லாம் பாக்க மாட்டோம். என் பாட்டி பேரு மோலி, அவரோட பாட்டி பேரு மே. ரெண்டு பேரும் இப்ப இல்லை. கோடு போட்டுச் சேத்துட்டேன். எல்லாரும் டிவி பாத்து வச்சேன்னு நினைக்கிறாங்க. இதுக்கு ஏதாவது அர்த்தம் இருக்குமா?"

"சிரிச்சது தப்பாப் போச்சுண்ணா. நீதான் இந்த மாதிரி வேண்டாத ஆராய்ச்சியெல்லாம் பண்ணுவியே, தேடிச் சொல்லு" என்றாள். வேண்டாத ஆராய்ச்சி என்றது கொஞ்சம் வலித்தாலும் வேலையை ஒப்புக்கொண்டேன். ரெண்டு வாரம் தேடினதில் கிடைத்ததுதான் இந்தப் பதிவு. கொஞ்சம் நீளம். டீயோ காப்பியோ கையில் எடுத்துக்கிட்டு வந்து உக்காருங்க.

முதல்ல மோலி

மோலி (அந்த ஊர் வாயில் 'மொலி' என்று குறுகும், நம்ம வசதிக்கு மோலி என்றே வச்சுக்குவோம்) தனிப் பேரே கிடையாது. மேரி என்பதன் செல்லப்பேர். மேரி எப்படி மோலி ஆகும்? நம்ம வீட்டுக் குழந்தை ராஜாவை லாஜா என்கிறதே, அதே கதைதான். ஆங்கிலத்தில் ரகரம் லகரமாக மாறிய செல்லப்பேர்கள் ஒரு வரிசையே இருக்கு. சாரா என்பது சாலி ஆச்சு. டாரத்தி டாலி ஆச்சு. ஹாரி ஹால் ஆச்சு. மேரி மால், மோல் என்றெல்லாம் ஆகி மோலியில் வந்து நின்றது. அதிலிருந்து எதுகைக்காகப் பிறந்தது போலி. (நம்ம ஊர் 'போலி' இல்லைங்க, கிளிக்கு வைப்பாங்களே அந்தப் போலி.)

ஏன் இத்தனை செல்லப்பேர்? தேவை இருந்தது. 1800 வாக்கில் இங்கிலாந்தில் தோராயமாக ஐந்து பெண்களில் ஒருத்தி மேரி. தெருவில் நின்று "மேரீ" என்று ஒரு குரல் கொடுத்தால் நாலு கதவு திறக்கும். ஒரே வீட்டில் அம்மா மேரி, மகள் மேரி, வேலைக்கு வரும் பெண்ணும் மேரி. அடையாளம் சொல்லிக் கூப்பிட ஏதாவது வேணுமே. ஒருத்தி மோலி, ஒருத்தி போலி, ஒருத்தி மே.

இதில் கவனிக்க வேண்டிய விஷயம், மோலிக்கு அப்போதே நல்ல பேர் கிடையாது. 17-ஆம் நூற்றாண்டு லண்டனில் ஆண் உடை போட்டுக்கிட்டு, புகை பிடிச்சுக்கிட்டு, திருட்டுப் பொருள் விற்று ஊரையே கலக்கிய மேரி ஃபிரித் என்ற பெண்ணை 'மோல் கட்பர்ஸ்' என்றுதான் ஊர் சொன்னது. மோல் என்றால் மேரி, கட்பர்ஸ் என்றால் முடிச்சவிக்கி. 1722-ல் டேனியல் டீஃபோ எழுதிய நாவலில் திருடியாகவும் பல கல்யாணம் செய்தவளாகவும் வரும் நாயகிக்கும் மோல் ஃபிளாண்டர்ஸ் என்றே பேர் வைத்தார். சீமாட்டி மேரி, தெருவில் இருப்பவள் மோல். ஒரே பேர்தான். எந்த வாசலில் நின்று கூப்பிடுகிறார்கள் என்பதை வைத்து மரியாதை மாறியது.

விக்டோரியா காலத்தில் இன்னொரு கொடுமையும் நடந்திருக்கிறது. வேலைக்கு வரும் பெண்ணின் சொந்தப் பேர் எதுவானாலும் சரி, மேரி என்றே கூப்பிடும் எஜமானியம்மாக்கள் இருந்தார்கள். பழகிய பேர், வாய்க்குச் சுலபம், அவ்வளவுதான். ஆள் மாறினாலும் பேர் மாறாது. பேர் என்பது அந்தப் பெண்ணுக்குச் சொந்தமில்லை, அவள் பார்க்கும் வேலைக்குச் சொந்தம் என்கிற மாதிரி. இதை மனசில் வச்சுக்குங்க, பின்னாடி தேவைப்படும்.

அடுத்தது மே

மே மாசத்துக்கும் இந்தப் பேருக்கும் உறவு உண்டு, ஆனால் அது பாதி உறவுதான். மேரி, மார்கரெட், மேபல் என்று மகரத்தில் தொடங்கும் பல பேர்களுக்கு மே என்பது வீட்டுப் பேர். வசந்த மாசமும் பூவும் சேர்ந்துகொண்டதால் 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் தனிப் பேராகவே நடக்க ஆரம்பித்தது.

இதில் நமக்குத் தெரிந்த ஒரு ஆள் இருக்கிறார். மெரினா கடற்கரைக்கு எதிரே ராணி மேரி கல்லூரி இருக்கே, 1914-ல் பெண்கள் கல்லூரியாகத் தொடங்கி 1917-ல் அந்தப் பேர் வாங்கியது, அந்த ராணி மேரியேதான். ஐந்தாம் ஜார்ஜ் மன்னரின் மனைவி. 1867-ஆம் ஆண்டு மே 26-ல் பிறந்தவர். வீட்டில் அவரை எல்லாரும் கூப்பிட்டது மே!

இவர் கதையில் இன்னொரு சுவாரசியம். கல்யாணத்துக்குப் பிறகு 'விக்டோரியா மேரி' என்று ரெட்டைப் பேராகத்தான் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார். 1910-ல் கணவர் மன்னரானதும், ரெண்டில் ஒன்றை விடச் சொன்னார். விக்டோரியா என்றால் கணவரின் பாட்டி, பழைய மகாராணி பேர் ஆகிவிடும். அதனால் மேரியை வைத்துக்கொண்டார். ரெட்டைப் பேர் வேண்டாம் என்கிற பேச்சு அரண்மனைக்குள்ளேயே நடந்திருக்கு பாருங்க.

மேயை எழுதும்போது கடைசி எழுத்தை மாற்றி, 'ஒய்'க்குப் பதிலா 'ஈ' போடும் வழக்கம் அமெரிக்காவில் பரவியது. அந்த எழுத்துக்கூட்டலில் உலகப் புகழ் பெற்றவர் நடிகை மே வெஸ்ட். 1893-ல் புரூக்ளினில் பிறந்தார். பெற்றோர் வைத்த பேர் என்ன தெரியுமா? மேரி ஜேன். இங்கேயும் மேரி! ரெண்டாம் உலகப் போரில் விமானப்படைக்காரர்கள் நெஞ்சில் கட்டிக்கொள்ளும் காற்றடைத்த உயிர்காப்பு உடுப்புக்கு 'மே வெஸ்ட்' என்றே பட்டப்பேர் வைத்தார்கள். ஏன் என்று விளக்கம் வேண்டாம், புரிந்துகொள்ளுங்கள் :-)

ஆக மோலி என்றாலும் மேரி, மே என்றாலும் பெரும்பாலும் மேரி. மோலி-மே என்பது மேரி-மேரி! மூலமான மிரியம் என்ற எபிரேயப் பேருக்கு என்ன அர்த்தம் என்பதில் அறிஞர்களுக்குள் இன்றைக்கும் ஒத்த கருத்து கிடையாது. கசப்பு என்கிறார்கள், எதிர்த்து நிற்பவள் என்கிறார்கள், பழைய எகிப்திய மொழிச் சொல்லோடு இணைத்து அன்புக்குரியவள் என்றும் சொல்கிறார்கள். மூணுமே மனுஷிக்குப் பொருந்தத்தானே செய்யுது.

ரெண்டு பேர் எப்போ வந்தது?

இங்கிலாந்தில் ஒரு ஆளுக்கு ஒரு பேர் என்பதுதான் பல நூற்றாண்டு வழக்கம். 1605-ல் வில்லியம் கேம்டன் என்ற வரலாற்றாசிரியர் இதைப் பற்றி எழுதியிருக்கிறார். ஞானஸ்நானத்தில் ரெண்டு பேர் வைப்பது நம் நாட்டில் அபூர்வம், எனக்கு ஞாபகம் வருவது மன்னரும் (சார்லஸ் ஜேம்ஸ்), அவர் மகனும் (ஹென்றி ஃபிரெடரிக்), அப்புறம் ரெண்டு தனி மனிதர்களும்தான் என்பது அவர் சொன்னதன் சாரம். நாடு முழுக்க யோசித்து நாலே பேர்!

பிறகு 1625-ல் முதலாம் சார்லஸ் பிரான்சிலிருந்து கல்யாணம் செய்துகொண்டு வந்த ராணியின் பேர் ஹென்றியட்டா மரியா. ரெட்டைப் பேர் பழகாத ஆங்கிலேயர்கள் அவரை ராணி மேரி என்று சுருக்கிக்கொண்டார்கள். அமெரிக்காவில் இருக்கும் மேரிலாந்து மாநிலம் அந்த மேரியின் பேரில்தான். 1714-ல் ஜெர்மனியின் ஹனோவர் வம்சம் அரியணை ஏறியது. கூடவே நீளநீளமான பேர்களும் வந்தன. பிரபுக்கள் காப்பியடித்தார்கள், அவர்களைப் பார்த்து வியாபாரிகள், அவர்களைப் பார்த்து மற்றவர்கள். 19-ஆம் நூற்றாண்டில் சாதாரண வீடுகளிலும் ரெண்டு பேர் சகஜமாகிவிட்டது.

அப்படிப் பரவியதில் முதன்மையானது மேரி ஆன். ஜார்ஜ் எலியட் என்ற புனைபெயரில் எழுதிய நாவலாசிரியை 1819-ல் பிறந்தபோது வைத்த பேர் மேரி ஆன். கடைசி எழுத்தை ஒருசமயம் சேர்ப்பார், ஒருசமயம் எடுப்பார். நடுவில் ரெண்டையும் ஒட்டி மரியன் என்று ஆக்கிக்கொண்டார். கடைசிக் காலத்தில் மறுபடி மேரி ஆன். ரெண்டு பேரைத் தனித்தனியாக வைப்பதா, சேர்த்து ஒட்டுவதா என்ற குழப்பம் அப்பவே இருந்திருக்கு.

கோடு என்னதான் செய்யுது?

ரெண்டு பேர் இருந்தாலும் இங்கிலாந்தில் கூப்பிடுவது முதல் பேரைத்தான். ரெண்டாவது 'நடுப்பேர்'. பிறப்புச் சான்றிதழில் இருக்கும், கல்யாணத்தன்று பாதிரியார் வாசிப்பார், அம்மாவுக்குக் கோபம் வந்தால் வெளியே வரும். மத்தபடி பீரோவில் பூட்டி வைத்த நகை மாதிரிதான். பாட்டி பேர், செத்துப்போன மாமா பேர் எல்லாம் பெரும்பாலும் அந்தப் பீரோவுக்குள்தான் போகும்.

கோடு போட்டால் நிலைமை மாறிடுது. ரெண்டும் சேர்ந்து ஒரே பேர். தினமும் ரெண்டையும் சொல்லித்தான் கூப்பிடணும். பூட்டி வைத்த நகை கழுத்துக்கு வந்துடுது. பதிவேட்டில் மேயை வாசிக்கும்போதெல்லாம் யாரோ ஒரு கிழவியும் கூடவே வந்து "உள்ளேன்" சொல்லிட்டுப் போறாள். மோலி-மேயோட அம்மா செய்தது இதைத்தான். ஒரு பாட்டியை முன்னாடியும் ஒரு பாட்டியைப் பீரோவிலும் வைக்க அவருக்கு மனசு வரலை.

இந்தக் கோட்டை நன்றாகப் பழக்கியவர்கள் பிரெஞ்சுக்காரர்கள். 1803-ல் அங்கே ஒரு சட்டம் வந்தது. நாள்காட்டியில் இருக்கும் புனிதர் பேர், பழைய வரலாற்று ஆட்களின் பேர், இதைத் தவிர வேறு பேர் வைக்கக் கூடாது. அந்தச் சட்டத்துக்கு 1993-ல்தான் முழுசாக விடை கொடுத்தார்கள். இருக்கிற பேரையே மாத்தி மாத்திச் சேர்த்தால்தான் பிள்ளைக்கு ஒரு தனித்தன்மை கிடைக்கும். ழான்-பியர், ழான்-குளோத், மரி-கிளேர் என்று கோடு போட்டார்கள். இங்கிலாந்தில் அப்படிப் பட்டியல் எதுவும் கிடையாது. 1837-ல் அரசுப் பிறப்புப் பதிவு தொடங்கிய நாளிலிருந்தே பெற்றோர் சொல்வதை எழுதிக்கொள்வதுதான் வழக்கம்.

ஆண்பிள்ளைகளுக்கு ஒரு பெரிய உந்துதல் 1978-ல் ரோமிலிருந்து வந்தது. புதிய போப்பாண்டவர் தனக்கு முந்தைய ரெண்டு பேரின் நினைவாக ஜான் பால் என்று பேர் எடுத்துக்கொண்டார். திருச்சபை வரலாற்றிலேயே ரெட்டைப் பேர் எடுத்த முதல் போப் அவர்தான். ஒரே மாசத்தில் இறந்துபோனார். அடுத்து வந்தவரும் அதே பேரை எடுத்தார். 1979-ல் அவர் அயர்லாந்து போய் வந்த பிறகு அங்கே பிறந்த பையன்களில் ஏகப்பட்ட ஜான் பால்கள். 1986-ல் அவர் சென்னைக்கும் வந்தார். உங்களுக்குத் தெரிந்த ஜான்பால் யாராவது இருந்தால் வயசைக் கேட்டுப் பாருங்களேன்.

அமெரிக்காவின் தென் மாநிலங்களில் கோடு இல்லாமலே ரெண்டு பேரையும் சேர்த்துக் கூப்பிடுவது பழைய வழக்கம். பில்லி ஜோ, மேரி பெத் என்று. எல்லி மே என்ற பேருக்கு 'கிராமத்து ஏழை வெள்ளைக்காரப் பெண்' என்ற முத்திரை அங்கிருந்துதான் அழுத்தமாக விழுந்தது. எர்ஸ்கின் கால்ட்வெல் 1932-ல் எழுதிய 'டொபாக்கோ ரோடு' நாவலில் பஞ்சத்தில் அடிபட்ட குத்தகை விவசாயி வீட்டுப் பெண் எல்லி மே. 1962 முதல் 1971 வரை ஓடிய 'பெவர்லி ஹில்பில்லீஸ்' தொலைக்காட்சித் தொடரில், எண்ணெய் கிடைத்துத் திடீர்ப் பணக்காரர்களான மலைநாட்டுக் குடும்பத்துப் பெண்ணும் எல்லி மேதான். ஊரே சிரித்தது. அந்தச் சிரிப்பு பேரோடு ஒட்டிக்கொண்டு கடல் தாண்டியிருக்கிறது.

பிரிட்டனில் 1990களின் கடைசியிலிருந்து இந்தக் கோட்டுப் பேர்கள் வேகமாகப் பெருகின. 1999-ல் நடிகர் ஜானி டெப்புக்கும் பிரெஞ்சுப் பாடகி வனெஸா பாரடிக்கும் பிறந்த மகள் லில்லி-ரோஸ். அதே 1999-ல் இங்கிலாந்தில் பிறந்தவர் மோலி-மே ஹேக். 2019-ல் 'லவ் ஐலண்ட்' தொடரில் ரெண்டாம் இடம் வந்து வீட்டுக்கு வீடு தெரிந்த முகமானார். "டிவி பாத்து வச்சது" என்று சொல்கிறவர்கள் ஒன்றை மறந்துவிடுகிறார்கள். அந்தப் பெண்ணுக்கே அவர் அம்மா அப்பா 1999-ல் யாரையோ நினைத்து ஆசையாக வைத்த பேர்தானே அது!

இன்னொரு கூத்து, அந்த ஊர்ப் புள்ளிவிவர அலுவலகம் வருஷாவருஷம் பேர்ப் பட்டியல் வெளியிடும்போது ஒவ்வொரு எழுத்துக்கூட்டலையும் தனிப் பேராக எண்ணுகிறது. லில்லியில் ஒரு 'எல்', ரெண்டு 'எல்', மேயில் 'ஒய்', மேயில் 'ஈ' என்று ஒரே உச்சரிப்பு நாலைந்து வரியில் சிதறிக் கிடக்கும். பட்டியலில் பின்னாடி தெரிந்தாலும் வகுப்பில் நாலு மே இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

காதுக்கு ஏன் பிடிக்குது?

இந்தப் பேர்களை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்க. வெண்பா எழுதும் நண்பர்களுக்கு உடனே பிடிபடும். மோ-லிமே. லில்-லிமே. எல்-லிமே. டெய்-சிமே. எல்லாம் நேர் நிரை, அத்தனையும் கூவிளம்! கிரேசி-மே மட்டும் கருவிளம். ஆங்கிலத்துக்கு நம்ம அசைக்கணக்கு பொருந்தாது, தெரியும். ஆனா விஷயம் இதுதான்: முதலில் ஒரு அழுத்தம், நடுவில் ஒரு தாழ்வு, கடைசியில் நீட்டி முடிக்க ஒரு நெடில். மோலி என்று மட்டும் சொன்னால் குரல் இறங்கி முடிந்துவிடும். மே சேர்ந்தால் குரல் மேலே ஏறி நிற்கும். தோட்டத்தில் விளையாடும் பிள்ளையைச் சாப்பிடக் கூப்பிட இதைவிடத் தோதான பேர் கிடையாது. ரோஸ், கிரேஸ், ஜேன், ஆன் எல்லாம் இதனால்தான் வாலாகச் சேர்கின்றன. ஒரே அசை, நல்ல அழுத்தம்.

கோடு எங்கே இருக்கு என்பதுதான் பிரச்சினை

இப்போ மேட்டருக்கு வருவோம். நம்ம டீச்சரம்மா உதட்டைப் பிதுக்கினாரே, அதே இங்கிலாந்தில் கோட்டுக்கு நூத்துக்கணக்கான வருஷமாக ராஜ மரியாதை உண்டு. ஒரே நிபந்தனை. கோடு குடும்பப் பேரில் இருக்கணும்!

பெரிய பணக்கார வீட்டில் ஆண் வாரிசு இல்லை, மகள் மட்டும்தான் என்றால், அவளைக் கட்டுகிறவன் அந்தக் குடும்பப் பேரையும் தன் பேரோடு சேர்த்துக்கொண்டால்தான் சொத்து என்று உயில் எழுதுவார்கள். மன்னரிடம் அனுமதி வாங்கிச் சேர்த்துக்கொள்வார்கள். ஒரு கோடு என்றால் ஒரு கல்யாணம், ஒரு எஸ்டேட்.

உச்சகட்ட உதாரணம் பக்கிங்ஹாம் டியூக் குடும்பம். அவர்கள் குடும்பப் பேர்: டெம்பிள்-நூஜென்ட்-பிரிட்ஜஸ்-சாண்டோஸ்-கிரென்வில். மூச்சு விட்டுக்குங்க. அஞ்சு பேர், நாலு கோடு. 1710-ல் ஒரு டெம்பிள் வீட்டுப் பெண், 1775-ல் ஒரு நூஜென்ட் வீட்டுப் பெண், 1796-ல் சாண்டோஸ் டியூக்கின் மகள் என்று கல்யாணத்துக்குக் கல்யாணம் பேர் நீண்டது. பேர் நீண்ட அளவுக்குக் கஜானா நீளவில்லை. ரெண்டாவது டியூக் கடனில் மூழ்கி, 1848-ல் அவர்களுடைய ஸ்டோ மாளிகைச் சாமான்களை ஏலம் விட்டார்கள். ஏலம் 40 நாள் நடந்தது!

அவர் மகன் மூணாவது டியூக். கடனை அடைக்கப் போராடிய மனிதர், ரயில் கம்பெனித் தலைவராக இருந்தவர். 1875 முதல் 1880 வரை அவர் எங்கே இருந்தார் தெரியுமா? நம்ம சென்னை மாகாண கவர்னராக! தாது வருஷப் பஞ்சம் வந்தது அவர் காலத்தில்தான். பஞ்ச நிவாரண வேலையாக 1877-78-ல் அடையாற்றையும் கூவத்தையும் இணைத்துச் சுமார் 8 கிலோமீட்டர் கால்வாய் வெட்டினார்கள். அதன் பிறகு அந்த நீர்வழிக்கு அவர் பேரே வைக்கப்பட்டது. பறக்கும் ரயிலில் போகும்போது கீழே கறுப்பா ஓடுதே, அந்தப் பக்கிங்ஹாம் கால்வாய்தான். அரைவயிற்றுக் கூலிக்கு மண் சுமந்தவர்களின் பேர் அந்தக் கால்வாயில் இல்லை. நாலு கோடு போட்ட பிரபுவின் பட்டம் இருக்கிறது. அவருக்கு மூணு பெண்கள், ஆண் வாரிசு இல்லை. 1889-ல் அவரோடு அந்த டியூக் பட்டமே முடிந்துபோனது. மூத்த பெண்ணின் பேர், வேறென்ன, மேரி.

அந்த நாலு கோட்டைப் பார்த்து எவரும் உதட்டைப் பிதுக்கவில்லை. ஏன்னா அதன் பின்னால் நிலம் இருந்தது. மோலி-மேயின் கோட்டுக்குப் பின்னால் ரெண்டு கிழவிகள் மட்டும்தான் இருக்கிறார்கள். ரெண்டு இடத்திலும் கோடு செய்யும் வேலை ஒன்றே: முன்னோர் பேர் அழிஞ்சு போகாமப் பாத்துக்கிறது. சொத்தோடு செய்தால் பாரம்பரியம், சொத்தில்லாமல் செய்தால் நக்கல். இது நியாயமாங்க?

2013-ல் பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் காலை நேர நிகழ்ச்சி ஒன்றில் ஒரு பிரபலம், பிள்ளையின் பேரை வைத்தே அது எந்த மாதிரி வீட்டுப் பிள்ளை என்று முடிவு பண்ணிவிடுவேன், என் பிள்ளைகளை அவர்களோடு விளையாட விடமாட்டேன் என்று பகிரங்கமாகச் சொன்னார். ஊர்ப் பேரை, நாட்டுப் பேரை வைப்பதும் பிடிக்காதாம். "உங்க மகள் பேரு இந்தியா ஆச்சே" என்று அங்கேயே கேட்டார்கள். அது வேறயாம்!

மேரியை எஜமானியம்மாக்கள் வேலைக்காரிக்கு மாட்டிய கதையைச் சொன்னேனே, அதோடு சேர்த்துப் பாருங்க. அன்றைக்கு அந்தப் பெண்ணுக்குத் தன் பேரை வைத்துக்கொள்ளவே உரிமை இல்லை. இன்றைக்கு அதே மாதிரி வீட்டில் வந்த ஒரு தாய் ஒன்றுக்கு ரெண்டாகப் பேர் வைத்து, ரெண்டும் சொல்லித்தான் கூப்பிடணும் என்று நடுவில் கோடும் போடுகிறாள். அதை ஆடம்பரம் என்று சொல்ல எனக்கு வாய் வரலை.

நல்லவேளை, குடும்பப் பேர்க் கோட்டின் ஜம்பமும் குறைந்து வருகிறது. அம்மா பேர், அப்பா பேர் ரெண்டையும் பிள்ளைக்குக் கொடுப்பது சாதாரண வீடுகளிலும் வழக்கமாகிவிட்டது. கால்பந்து பார்க்கிறவர்களுக்கு அலெக்ஸாண்டர்-ஆர்னல்ட், கால்வர்ட்-லூயின் எல்லாம் தெரிந்திருக்கும். அவர்கள் எஸ்டேட் வாரிசுகள் இல்லை.

கடைசியா

அடுத்த ஞாயித்துக்கிழமை எல்லாத்தையும் சித்தி பொண்ணுகிட்டச் சொன்னேன். அவள் திங்கட்கிழமை கேட்டுக்கிட்ட அந்த அம்மாவைப் பிடிச்சு, மோலியும் மேரி, மேயும் மேரின்னு சொல்லியிருக்கா. அந்த அம்மா கொஞ்ச நேரம் பேசலையாம். அப்புறம், "என் பாட்டி பிறப்புச் சான்றிதழ்ல மேரின்னுதான் இருக்கு, எனக்கு அது தெரியும். அவர் பாட்டிக்கும் அப்படியான்னு மாமியாரைக் கேக்கணும்" என்றார்களாம். மறுநாள் தானாவே வந்து சொன்னாங்களாம்: ஆமா, கல்யாணப் பத்திரத்துல மேரிதான்.

ரெண்டு கிழவிகளும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்ததே இல்லை. ஒரே பேரோட இருந்திருக்காங்க. இப்போ ஒரு நாலு வயசுக் குட்டியோட பேர்ல பக்கத்துல பக்கத்துல உக்காந்திருக்காங்க.

ஒண்ணே ஒண்ணு மட்டும் நான் சொல்லலை. பாஸ்போர்ட்டுக்கு அடியில் இயந்திரம் படிப்பதற்கென்று ரெண்டு வரி இருக்கும். அதில் கோட்டுக்கு இடம் கிடையாது. சர்வதேச விதிப்படி கோட்டை எடுத்துட்டு ஒரு அம்புக்குறி மாதிரி நிரப்புக் குறியைப் போட்டுடுவாங்க. விமான டிக்கெட்டில் பல நேரம் ரெண்டையும் ஒட்டியே அடிச்சுடுவாங்க. இயந்திரத்துக்குக் கோடு புரியாது. டீச்சருக்காவது புரியணும் இல்லையா?

"இப்பல்லாம் ரெண்டையும் முழுசாச் சொல்லித்தான் கூப்பிடுறேண்ணா" என்றாள் சித்தி பொண்ணு.

டிஸ்கி: உங்க பேருக்குள்ள எந்தப் பாட்டி, எந்தத் தாத்தா ஒளிஞ்சிருக்காங்கன்னு வீட்டுப் பெரியவங்க இருக்கும்போதே கேட்டு வச்சுக்குங்க. இந்தப் பதிவு எழுதும்போதுதான் எனக்கு என் பேரைப் பத்தி ஒரு சந்தேகம் வந்தது. கேக்கலாம்னா, சொல்ல வேண்டிய அப்பத்தா போய் 11 வருஷம் ஆச்சு.